ஒரே அல்லூருக்கு இரண்டு பாலம்

அரசாங்க அலுவலகத்தில் 'நாளைக்கு வா' என்று சொல்வது இனி குற்றம் என்று சட்டம் வந்தபோது கைதட்டியவர்களில் நானும் ஒருவன். வீட்டில் டிவி முன்னால் உட்கார்ந்து, வாயில் பிஸ்கட்டோடு தட்டினேன். தட்டிய கையை வெட்டிப் போட்டால் என்ன என்று இப்போது தோன்றுகிறது. லோரி ஓட்ட வேண்டியிருப்பதால் விட்டு வைத்திருக்கிறேன்.

சட்டத்தின் பெயர் பொதுச் சேவை நிறைவுச் சட்டம். காரியம் முடியாமல் மக்களைத் திருப்பி அனுப்பும் அதிகாரிக்கு அபராதம் உண்டு, பதவி உயர்வு கிடையாது. படத்தை வேறு வாசலில் மாட்டுவார்கள். கேட்பதற்கு எவ்வளவு இனிப்பாக இருக்கிறது பாருங்கள். ஆனால் எழுதிய மகராசன்கள் ஒன்றை விட்டுவிட்டார்கள். காரியத்தை முடிக்க வேண்டும் என்று எழுதவில்லை. முடியாமல் அனுப்பக் கூடாது என்றுதான் எழுதினார்கள். இரண்டும் ஒன்றுதானே என்று நினைப்பவர்கள் தெமியாங்கில் இருக்கும் சேவை நிறைவு மையத்துக்கு ஒருமுறை போய் வரலாம். போகலாம் என்று மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

நான் குணாளன். ரந்தாவ் ஊரைத் தாண்டி உள்ளே போகும் ஒரு செம்பனைத் தோட்டத்தில் பழக்குலை லோரி ஓட்டுகிறேன். தோட்டம் கை மாறிக் கை மாறி இப்போது யாருடையது என்று கணக்கு எழுதும் எங்கள் கிராணிக்கே சரியாகத் தெரியாது. லயத்தில் தமிழர் குடும்பங்கள் விரல்விட்டு எண்ணலாம், மற்ற வீடுகளில் வெளிநாட்டுத் தொழிலாளர்கள். லயத்துக்கும் தார்ச்சாலைக்கும் நடுவே பெரிய அல்லூர், அதாவது வடிகால் வாய்க்கால், ஓடுகிறது. மழை பெய்தால் இடுப்பு வரை தண்ணீர் நிற்கும். அதன்மேல் இருந்த பலகைப் பாலம் ஒரு மழையில் உட்கார்ந்துவிட்டது. கம்பெனிக்குக் கவலையில்லை. பழம் மலைக்கு அந்தப்பக்கம் கேட் போட்ட புதுப் பாதையில் போகிறது, அதில் ஆளை விடமாட்டார்கள். நாங்களே இரண்டு தென்னை மரத்தை வெட்டிக் குறுக்கே போட்டு அதன்மேல் நடந்துகொண்டிருந்தோம்.

எனக்கு நடப்பது ஒன்றும் பெரிதில்லை. என் மனைவி லோகேஸ்வரிக்குத்தான். அவளுக்குச் சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது. திங்கள், புதன், வெள்ளி டயாலிசிஸ். மையத்து வேன் மதியம் சாலையோரம் வந்து நிற்கும், பாலம் இல்லாததால் உள்ளே வராது. கால் வீங்கியவள் அந்த வழுக்கு மரத்தின்மேல் தனியாக நடக்க முடியுமா? நான் முன்னால் பின்பக்கமாக நடப்பேன், அவள் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு அடியாக வருவாள். ஒவ்வொரு தடவையும் எனக்கு உயிர் போய் உயிர் வரும். ஒரு வெள்ளிக்கிழமை மழை கொட்டியதில் போக முடியவில்லை. ஞாயிறு முழுக்க அவளுக்கு மூச்சு வாங்கியது. திங்கள் காலையில் லீவு போட்டுவிட்டு, பாலத்துக்கு ஒரு வழி பண்ணாமல் விடுவதில்லை என்று, சாலையோரம் நிறுத்தியிருந்த மோட்டார் சைக்கிளை எடுத்தேன்.

"மத்தியானத்துக்குள்ள வந்துருவீங்கல்ல?" என்று கேட்டாள்.

"இப்ப புதுச் சட்டம் லோகா. போனா காரியம் முடிஞ்சிரும்" என்றேன். எந்த வாயால் சொன்னேனோ.

சேவை நிறைவு மையம் புதுக்கட்டடம். கண்ணாடிக் கதவு, குளிர் காற்று, வாசலில் புன்னகைக்கும் குடும்பத்தின் படம். கதவோரம் பாதுகாவலர் சீருடையில் பஞ்சாலை அக்கா உட்கார்ந்திருந்தார். பழைய தோட்டத்து மனுஷி, பார்த்த உடனே தமிழில் பேசினார்.

"தம்பி, ஐசியக் குடு."

"எப்ப திருப்பிக் குடுப்பீங்க அக்கா?" என்று அடையாள அட்டையை நீட்டினேன்.

"காரியம் முடிஞ்சா இந்த வெளக்கு பச்சையாவும். பச்சையானா கதவு தொறக்கும். தொறந்தா ஐசி."

"முடியலன்னா?"

அக்கா என்னைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார். "மாத்துத் துணி ஏதும் கொண்டு வரலியா?"

தமாஷ் பண்ணுகிறார் என்று சிரித்துவிட்டு உள்ளே போனேன். என் பின்னால் கதவு மிக மரியாதையாக மூடிக்கொண்டது.

கவுண்டரில் நிரஞ்சனா என்ற இளம் அதிகாரி இருந்தார். எழுந்து நின்று கை கூப்பினார். அரசாங்க அலுவலகத்தில் எனக்காக ஒருவர் எழுந்து நின்றது அதுதான் முதல் தடவை. எனக்கே கொஞ்சம் கூச்சமாகிவிட்டது. பாலத்தின் கதையைச் சொன்னேன்.

"பாலம் யாரோடது சார்?"

"தெரியாதுங்க மேடம். ஒடைஞ்சு கெடக்கு. ஒடைஞ்ச பாலத்த யாரு வந்து என்னோடதுன்னு சொல்லுவா?"

அவர் கணினியில் தட்டிப் பார்த்தார். "சார், ரோடு கம்பெனியோடது. அல்லூர் வடிகால் துறையோடது. கரை ரெண்டும் நில அலுவலகம். தண்ணி மாநிலத்தோடது. பாலம் இது எதையும் தொடாம இருந்தா ரொம்ப ஈஸியா முடிச்சிரலாம்."

"எதையும் தொடாம எப்படிங்க பாலம் நிக்கும்?"

"அதான் சார் பிரச்சினை" என்று அவர் உண்மையிலேயே வருத்தப்பட்டார். எல்லாத் துறைக்கும் கேட்டு எழுதியாயிற்று, பதில் வரவேண்டும் என்றார். எப்போது வரும் என்றேன். அந்தத் துறைகளும் இதே சட்டத்துக்குக் கட்டுப்பட்டவை, அதனால் முடியாத பதிலை அனுப்ப மாட்டார்கள், முடிந்த பிறகுதான் அனுப்புவார்கள் என்றார்.

நல்லது, ஆகட்டும் என்று நினைத்து எழுந்தேன். "அப்ப பாருங்க மேடம். நான் நாளைக்கு வரேன்."

அவர் முகம் வெளிறிப்போனது. "ஐயோ சார், சத்தமாச் சொல்லாதீங்க! மேல மைக் இருக்கு!"

"நீங்க சொல்லலியே, நான்தான சொன்னேன்."

"நீங்க சொன்னா நான் சொல்ல வச்சேன்னு அர்த்தம். போன மாசம் என் பக்கத்து சீட்டு ரோகினி, ஒரு ஆன்ட்டிகிட்ட 'சாப்புட்டு வாங்க'ன்னு சொல்லிட்டா. அன்போடதான் சொன்னா. திருப்பி அனுப்பிட்டான்னு எழுதிட்டாங்க. அவ போட்டோ வாசல்ல இருக்கு, பாக்கலியா?"

புன்னகைக்கும் குடும்பத்துக்குப் பக்கத்தில் ஒரு பெண் அழுத முகத்தோடு இருந்தது ஞாபகம் வந்தது. விளம்பரம் என்று நினைத்திருந்தேன்.

"அப்ப நான் எப்ப மேடம் வீட்டுக்குப் போறது?"

"முடிஞ்ச உடனே சார்" என்றார் நிரஞ்சனா. "ஓய்வறை அந்தப் பக்கம். சோப்பு வச்சிருக்கோம்."

காத்திருக்கும் கூடத்துக்குள் நுழைந்தேன். அது காத்திருக்கும் கூடம் மாதிரியே இல்லை, குடியிருப்பு மாதிரி இருந்தது. நாற்காலிகளுக்கு நடுவே கயிறு கட்டித் துண்டு காயப் போட்டிருந்தார்கள். ஒரு சீன அம்மா மின்சார அடுப்பில் கஞ்சி கிண்டிக்கொண்டிருந்தார். மூலையில் ஒரு பையனும் ஒரு பெண்ணும் தலை குனிந்து பேசிக்கொண்டிருந்தார்கள். அவன் லைசென்ஸுக்கு வந்தவன், அவள் பெயர் திருத்த வந்தவள். காத்திருந்த இடத்தில் பழகி, இரண்டு வீட்டாரும் கண்ணாடிக்கு வெளியே நின்று சம்மதம் சொல்லிவிட்டார்களாம். இப்போது திருமணப் பதிவுக்கும் எண் எடுத்திருப்பதால் அதுவும் முடியாமல் வெளியே போக முடியாது.

இதையெல்லாம் எனக்குச் சொன்னவர் செல்லப்பா ஐயா. அம்பாங்கானில் வீடு, ஓய்வு பெற்ற கிளார்க். அரைக்கால் சட்டையும் ரப்பர் செருப்புமாக நாற்காலியில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

"வீட்டுக்கு முன்னால தெருவிளக்கு எரியேல்ல எண்டு சொல்ல வந்தனான்."

"எப்ப வந்தீங்க ஐயா?"

"ஸ்கூல் லீவுக்கு முன்னம்" என்றார் அமைதியாக.

"வெளிய போக வழியே இல்லியா?"

"ரெண்டு வழி இருக்கு. ஒண்டு, காரியம் முடிய வேணும். மற்றது, எனக்குப் பூரண திருப்தி எண்டு கையெழுத்துப் போட வேணும். போட்டால் முடிஞ்சதாக் கணக்கு. கதவு திறக்கும். நான் போடமாட்டன். வாழ்க்கை முழுக்கக் கிளார்க்கா இருந்தவன், எரியாத விளக்கை எரியுது எண்டு எழுத என்ரை கை வராது."

அந்த மனிதரைப் பார்த்து எனக்கு மரியாதையும் வந்தது, எரிச்சலும் வந்தது. அவருக்கு வெளியே எரியாத விளக்குதான் இருக்கிறது. எனக்கு அல்லூருக்கு அந்தப்பக்கம் மூச்சு வாங்கிக்கொண்டு ஒருத்தி இருக்கிறாள்.

அதோடு விட்டிருந்தால்கூடப் பரவாயில்லை. வாய் சும்மா இருந்தால்தானே!

தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. விடியற்காலை ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்கு நிற்கும்போது, வேலையை மேற்பார்க்கும் மண்டோர் பெயர் கூப்பிடுவார். ஆள் இல்லாவிட்டால் அன்றைக்கு அவனுக்கு வேலை இல்லை. பக்கத்து வீட்டுக்காரன் அப்போதுதான் வாய் கொப்பளித்துக்கொண்டிருப்பான். அவன் ஓடி வருவதற்குள் நாம் அவனுக்காக 'இருக்கேன்' என்று குரல் கொடுத்துவிட வேண்டும். இதில் தப்பு சரி என்றெல்லாம் யாரும் யோசித்ததில்லை. பெயர் கூப்பிட்டு யாரும் பதில் சொல்லாவிட்டால் எங்களுக்கு மனசு பதறும், அவ்வளவுதான்.

கூடத்து ஒலிபெருக்கி கூப்பிட்டது. "தர்மராஜ் ஆறுமுகம்."

தர்மராஜ் என் பக்கத்து வீட்டுக்காரன். பெரட்டில் பாதி நாள் நான்தான் அவன். வேலை தேடி ஜொகூருக்குப் போனவன் போனவன்தான்.

"தர்மராஜ் ஆறுமுகம்."

யாரும் வாய் திறக்கவில்லை.

"தர்மராஜ் ஆறுமுகம், கடைசி அழைப்பு."

"இருக்கேன்!" என்று கத்தினேன்.

கத்திய பிறகுதான் எங்கே இருக்கிறேன் என்பது தெரிந்தது. நிரஞ்சனா ஓடி வந்தார். "என்ன சார் பண்ணிட்டீங்க? அவர் ஜொகூர் போறதுக்கு முன்னாடி ஆன்லைன்ல மனு போட்டிருக்காரு. நீங்க குரல் குடுத்ததுல சிஸ்டம் உங்கள அவரா எடுத்துக்கிருச்சு. இப்ப உங்க மேல ரெண்டு காரியம் திறந்திருக்கு."

"அவனுக்கு என்ன காரியம் மேடம்?"

"பாலம் சார்."

"எந்தப் பாலம்?"

"அதே பாலம்."

"அப்ப ஒண்ணுதானே!"

"மனு ரெண்டு சார். சட்டப்படி ஒவ்வொரு மனுவும் ஒரு காரியம்."

தர்மராஜுக்குப் போன் போட்டு நடந்ததைச் சொன்னேன். பின்னால் இயந்திரச் சத்தம். "டேய் தர்மா, நீ கொஞ்சம் வந்து நீதான் தர்மராஜுன்னு சொல்லிட்டுப் போடா."

"வந்தா விடுவாங்களா?"

நான் வாசல் விளக்கை எட்டிப் பார்த்தேன், சிவப்பு.

"யாருடா ஒன்ன இருக்கேன்னு சொல்லச் சொன்னது?"

"பழக்கத்துல வாய் வந்துருச்சுடா."

"அப்ப நீயே நானா இரு லா. நான் ஓவர்டைம்ல இருக்கேன்" என்று வைத்துவிட்டான். நன்றி கெட்டவன்.

வைத்த கையோடு லோகா கூப்பிட்டாள். "என்னங்க, வேன் வர்ற நேரமாச்சே. எங்க இருக்கீங்க?" ஒவ்வொரு சொல்லுக்கும் நடுவே மூச்சை இழுத்துக்கொண்டாள்.

"வந்துக்கிட்டே இருக்கேன். நீ தனியா மரத்துல ஏறிறாத. லயத்துல யாராச்சும் இருக்காங்களா?"

"எல்லாம் வேலைக்காட்டுல. செருப்பெல்லாம் போட்டுக்கிட்டு வாசல்லதான் உக்காந்திருக்கேன்."

வாசலுக்கு ஓடினேன். விளக்கு சிவப்பாகவே இருந்தது. "அக்கா, என் சம்சாரத்துக்கு டயாலிசிஸ். ஒரு தடவ தொறந்து விடுங்க. கையெடுத்துக் கும்புடுறேன்."

பஞ்சாலை அக்காவின் கண் கலங்கிவிட்டது. "எனக்கு மட்டும் தொறக்குதுன்னு நெனச்சியா? என் ஷிப்டு முடிஞ்சு எப்பவோ ஆச்சு. லீவு கேட்டு மனு போட்டுட்டேன் தம்பி. அதுவும் ஒரு காரியம்தானே?"

அந்த நேரம் பார்த்துக் கூடத்தில் மேளம் அடித்தார்கள். தினசரி மக்கள் சந்திப்பாம். திருப்திப் பிரிவின் தலைவர் திரு. ஜெயசங்கர் மேடை ஏறினார். பத்திக் சட்டை, வழுவழுப்பான முகம். மூன்று மொழி பேசுவார், தமிழில் பேசும்போது மட்டும் கண்ணை மூடிக்கொள்வார்.

"அன்பார்ந்த வாடிக்கையாளர்களே! ஒரு காலத்தில் மக்கள் அரசு அலுவலகத்துக்கு வருவார்கள், ஏமாந்து திரும்பிப் போவார்கள். இன்று நெஞ்சை நிமிர்த்திச் சொல்கிறேன், நம் மையத்திலிருந்து யாரும் திரும்பிப் போவதில்லை!"

அதிகாரிகள் கைதட்டினார்கள்.

"சில மையங்களில் காரியங்களை முடித்துவிடுகிறார்கள் என்று கேள்விப்படுகிறேன். நான் அவர்களைக் குறை சொல்லவில்லை. ஆனால் காரியம் முடிந்தால் மக்களுக்கும் அரசுக்கும் உள்ள உறவும் அங்கேயே முடிந்துவிடுகிறதே! நாங்கள் உறவை வளர்க்கிறோம். இங்கே தங்கியிருப்போர் எண்ணிக்கை மாதாமாதம் கூடுகிறது. இதைவிட மக்கள் நம்பிக்கைக்கு வேறென்ன சான்று வேண்டும்? அடுத்த ஆண்டு இரண்டாம் மாடி கட்டுகிறோம்."

கஞ்சி கிண்டிய சீன அம்மா கரண்டியைக் கீழே வைத்தார்.

என்னால் அதற்கு மேல் முடியவில்லை. எழுந்து நின்றேன். "சார், என் பொஞ்சாதிக்கு இன்னிக்கு ரத்தம் சுத்தம் பண்ணணும். வெள்ளிக்கெழமையே போகல. நான் போய்க் கையப் புடிச்சுக் கூட்டிக்கிட்டுப் போகலன்னா அவளால அல்லூரத் தாண்ட முடியாது. எனக்குப் பாலமும் வேணாம், ஒண்ணும் வேணாம். வெளிய விடுங்க சார்."

ஜெயசங்கர் கண்ணைத் திறந்தார். முகத்தில் அப்படி ஓர் இரக்கம். "உங்கள் துணைவியாரின் உடல்நலம் எங்களுக்கு மிக மிக முக்கியம், ஐயா. அதை உடனடியாகத் தனி மனுவாகத் திறந்து..."

"வேணாம்!" என்று நான் அலறினேன். எனக்கு முன்னால் கூடமே அலறியது. அந்தக் கல்யாணப் பையன் நாற்காலி மேலேயே ஏறிவிட்டான்.

"மனுவைத் திரும்ப வாங்கிக்கிறேன் சார்."

"திரும்ப வாங்குவது அதிருப்தியின் அடையாளம். அதை நாங்கள் ஊக்குவிப்பதில்லை. ஆனால் நீங்கள் திருப்தி அடைந்துவிட்டால் உங்களைத் தடுக்க நாங்கள் யார்? இது சுதந்திர நாடு."

கவுண்டருக்குப் போனேன். நிரஞ்சனா திரையை என் பக்கம் திருப்பினார். ஐந்து நட்சத்திரம், சிரிக்கும் முகம், கீழே கட்டைவிரல் வைக்க ஒரு வட்டம். வாயருகே கையை வைத்து மைக்குக்குக் கேட்காமல் சொன்னார். "சார், நல்லா யோசிங்க. வச்சுட்டீங்கன்னா பாலம் கட்டி முடிஞ்சதா ஆயிரும். அப்புறம் அதுக்கு யாரும் மனுப் போட முடியாது. முடிஞ்சத மறுபடி திறக்க சட்டத்துல இடமில்ல."

அவர் சொன்னது எனக்கு நன்றாகக் கேட்டது. தெரியாமல் வைத்தேன் என்று எங்கேயும் சொல்லிக்கொள்ள முடியாது. பாக்கெட்டில் போன் மறுபடி அடித்தது. கட்டைவிரலை வைத்தேன், குணாளனாக ஒரு தடவை, தர்மராஜாக ஒரு தடவை. இரண்டு பாலமும் கட்டி முடிந்தது.

பலூன் விழுந்தது. என் கையில் ஒரு பழக்கூடையையும், 'நான் திருப்தி அடைந்தேன்' என்று எழுதிய குவளையையும் கொடுத்துப் படம் எடுத்தார்கள். ஜெயசங்கர் தோளில் கை போட்டுக்கொண்டார். சிரிக்கச் சொன்னார்கள், சிரித்தேன். செல்லப்பா ஐயா என்னைத் திட்டுவார் என்று பார்த்தேன். பேப்பரை இறக்கி, "ஓடு தம்பி, மனுசியப் பார்" என்றார். அதுதான் எனக்குச் சுருக்கென்று இருந்தது.

தோட்டத்துக்கு வந்தபோது வேன் போய்விட்டிருந்தது. லோகா வாசற்படியில் சுவரில் சாய்ந்து கிடந்தாள், உதடு வெளுத்திருந்தது. மரத்தின்மேல் அவளை நடத்தி, மோட்டாரில் என்னோடு சேர்த்துத் துண்டால் கட்டி, டயாலிசிஸ் மையத்துக்குக் கொண்டு போனேன். ஷாமினி என்ற தாதி என்னைக் கண்டபடி திட்டிவிட்டு, கடைசிப் படுக்கையில் இடம் போட்டுக் கொடுத்தார். அந்தப் பெண் நன்றாக இருக்க வேண்டும்.

இயந்திரம் ஓட ஆரம்பித்து முகத்தில் கொஞ்சம் உயிர் வந்ததும் லோகா கேட்டாள். "பாலத்துக்கு என்னா சொன்னாங்க?"

"கட்டி முடிஞ்சிருச்சாம்."

"யாரு சொன்னா?"

"நான்தான்."

அவள் திட்டவில்லை. திட்டியிருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். "சரி விடுங்க. அந்த மரம் இருக்குல்ல" என்றாள்.

சட்டம் அதோடு விட்டால்தானே? கொஞ்ச நாளில் தணிக்கைக்காரர்கள் பதிவுகளைப் புரட்டியிருக்கிறார்கள். ஆள் அதிகம் இல்லாத லயத்துக்கு, ஒரே அல்லூரின்மேல், ஒரே இடத்தில் இரண்டு பாலமா? மக்கள் பணத்தை இப்படியா விரயம் செய்வது? சேவையில் சிக்கனம் என்று சட்டத்தில் இன்னொரு பிரிவு இருக்கிறதாம். உபரிப் பாலத்தை அகற்ற உத்தரவு வந்துவிட்டது.

ஒரு செவ்வாய்க்கிழமை வேலை முடிந்து வந்தால், சாலையோரம் மண்வெட்டி இயந்திரம் நிற்கிறது. பக்கத்தில் தலைக்கவசம் போட்டுக்கொண்டு ஜெயசங்கர். இயந்திரத்தின் கை எங்கள் தென்னை மரத்தின்மேல் இருந்தது.

"சார், சார்! நிறுத்தச் சொல்லுங்க! அது நாங்க போட்ட மரம்!"

"அப்படியா? அது பாலம் எண் இரண்டு, ஐயா."

"அப்ப பாலம் எண் ஒண்ணு எங்க சார்?"

அவர் அல்லூரைப் பார்த்தார். கையிலிருந்த திரையைப் பார்த்தார். திரையில் பார்த்ததுதான் அவருக்குத் தெளிவாகத் தெரிந்தது போலிருக்கிறது. "இதோ. நிறைவு. ஐந்து நட்சத்திரம். விரல் ரேகை உங்களுடையது."

"திரையப் பாக்காதீங்க சார், தண்ணியப் பாருங்க! ஏதாச்சும் தெரியுதா?"

"நான் பார்த்துப் பயனில்லை. பார்ப்பது தொழில்நுட்பப் பிரிவின் பொறுப்பு. அதில் நான் தலையிட்டால் ஒழுங்கு கெட்டுவிடும்."

"அடப்பாவி மனுஷா, என் பொஞ்சாதி நாளைக்கு எதுல நடந்து போவா?"

அவருக்குக் கோபம் வரவில்லை. கோபப்பட்டிருந்தால் மனிதன் என்று நினைத்திருப்பேன். "உங்கள் ஆதங்கம் புரிகிறது. நேரில் மையத்துக்கு வாருங்கள். உள்ளே வருவதற்கு எங்கள் கதவு எப்போதும் திறந்திருக்கும்" என்றார். இயந்திரம் முதல் மரத்தைத் தூக்கியது. நான் அடுத்த மரத்தின்மேல் போய் உட்கார்ந்துகொண்டேன். இரண்டு பேர் வந்து மிகப் பணிவாக என்னைத் தூக்கிக் கரையில் வைத்தார்கள். அதையும் படம் எடுத்தார்கள்.

மறுபடி மரம் வெட்டிப் போட்டோம். முடிவடைந்த பாலத்துக்கு இடையூறு என்று அதையும் அள்ளிக்கொண்டு போனார்கள். மையத்துக்கு யாராவது போய்ச் சொல்ல வேண்டும் என்று லயத்தில் பேச்சு எழுந்தது. பேச்சோடு சரி. யார் போவது? நான் போய் உள்ளே மாட்டினால் இவளை யார் தாண்டிக் கொண்டுபோவது? மற்றவர்களுக்கும் வீட்டில் பிள்ளை குட்டி இருக்கிறது. ஆகையால் எங்கள் தோட்டத்திலிருந்து ஒரு புகார்கூட வருவதில்லை. அதற்கு அந்த மையத்துக்கு விருது கொடுத்திருப்பதாகக் கேள்விப்பட்டேன். செல்லப்பா ஐயா வெளியே வந்தாரா என்று தெரியவில்லை.

இப்போது நான் அவளைத் தூக்கிக்கொண்டுதான் இறங்குகிறேன். போன திங்கட்கிழமை தண்ணீர் என் இடுப்புக்கு மேல் இருந்தது. அடியில் சேறு காலை உள்ளே இழுத்தது. அந்தக் கரையில் வேன் டிரைவர் கையை நீட்டிக்கொண்டு, "மெல்ல அண்ணே, மெல்ல" என்று சொல்லிக்கொண்டிருந்தார். லோகாவின் கை என் கழுத்தை இறுக்கியிருந்தது. வீங்கிய கால் தண்ணீரில் பட்டுக்கொண்டே வந்தது.

நடு அல்லூரில் என் சட்டைப்பையில் போன் அடித்தது. அந்த நேரத்துக்கு அடிப்பது யார் என்று எங்கள் இருவருக்கும் தெரியும். மையத்திலிருந்துதான். சேவைக்குப் பிந்திய கருத்துக் கேட்பு. எடுத்துக் குறை சொன்னால் நேரில் வந்து விளக்க வேண்டும். எடுக்காவிட்டால் பூரண திருப்தி என்று பதிவாகிவிடும்.

"எடுங்க" என்றாள் லோகா. "எடுத்து எங்கிட்ட குடுங்க. நான் கேக்குறேன் நாலு வார்த்தை."

"எந்தக் கையால எடுக்கறது?"

அவள் குனிந்து பார்த்தாள். என் இரண்டு கையும் அவளுக்கு அடியில் இருந்தன. அவளுடைய கைகளும் என் கழுத்தை விட்டு வரக்கூடிய நிலையில் இல்லை. அவளுக்கு அழுகை வந்துவிட்டது. "என்னையக் கீழ மட்டும் விட்றாதீங்க" என்றாள்.

"விடமாட்டேன்" என்றேன்.

போன் முழுக்க அடித்து ஓய்ந்தது. தெமியாங்கில் நாங்கள் இன்னொரு முறை பூரண திருப்தி அடைந்தோம்.